முத்திரை எசமானனா?

கருவறைக்குள் வராதே என்றவனைக் கேள்வி கேட்டவர்கள் நாம். கோப்பறை வாயிலில் மட்டும் கைகட்டி நிற்பதேன்?

வல்லம் வடகாலைச் சுற்றி ஆலைகள். அருகே சுங்குவார்சத்திரத்தில் சாம்சங் தொழிலாளர் 2024இல் சங்கம் கண்டனர். 1926ஆம் ஆண்டுச் சட்டப்படி பதிவு கோரினர். சங்கப் பெயரில் 'சாம்சங்' இருக்கலாகாது என்றது நிறுவனம். உறங்கிற்று கோப்பு! செப்டம்பர் 9இல் தொடங்கி 37 நாள் வேலைநிறுத்தம். பின் உயர்நீதிமன்றத்தின் ஆறு வாரக் கெடு. அதன் பிறகே, 2025 சனவரி 27இல், பதிவு!

விதியே வேண்டாமென்பதல்ல நம் வாதம். விதியற்ற ஊரில் பண்ணையாரின் வாய்ச்சொல்லே சட்டம்! ஆள்முகம் பாராத விதியும் ஏடும் ஆட்சிக்கு வலிவு என்றார் செருமானிய அறிஞர் மாக்சு வேபர். அவையே மனிதனை அடைக்கும் கூண்டாகும் என்றும் அஞ்சினார். விதி ஏழைக்குக் கேடயம். காலவரையற்ற விதியோ வலியவன் கை வாள்!

2005ஆம் ஆண்டுத் தகவல் உரிமைச் சட்டம் விடைதர 30 நாள் கெடு வைத்தது. காரணமின்றிக் கடத்தும் அலுவலருக்கு நாளொன்றுக்கு 250 ரூபாய் தண்டமும் வைத்தது. தகவல் கேட்கும் தாளுக்குச் சட்டத்திலேயே கெடு. சங்கம் கேட்ட தாளுக்கோ நீதிமன்றப் படியேறிக் கெடு வாங்க வேண்டியிருந்தது! முறையா இது?

இளைஞனே! ஏன் தாமதம், என்றைக்குள் முடிவு என்று எழுத்தில் கேள். முத்திரை மக்களின் ஊழியன், எசமானன் அல்ல!