சொந்தத் திராட்சத்தோட்டத்தைக் காத்தல்



லெந்து நாட்கள் நிறைவுற்று உயிர்த்தெழுதல் பண்டிகையும் கடந்துவிட்டால், நம்முடைய சபைகளில் திருமணக் காலம் தொடங்கிவிடுகிறது. ஞாயிறுதோறும் ஆராதனையில் ஓலை வாசிக்கப்படுகிறது. இன்னாருடைய குமாரன், இன்னாருடைய குமாரத்தி என்று பெயர்கள் ஒலிக்கும்போது சபை முழுவதும் அந்தக் குடும்பத்தைத் திரும்பிப் பார்த்துப் புன்னகைக்கிறது. மூன்று ஞாயிறு ஓலை வாசிக்கும் வழக்கம், இந்தத் திருமணத்திற்குத் தடை ஏதேனும் உண்டா என்று சபையாரைக் கேட்பதற்காக ஏற்பட்டது. இந்த வாரம் அதனோடு மற்றொரு கேள்வியையும் உங்கள் முன் வைக்க விரும்புகிறேன். திருப்பீடத்தின் முன்பாக நிற்கப்போகிற அந்த இருவரும் நலமாய் இருக்கிறார்களா?

மண்டபம், சமையல், புடவை, தாலி, அழைப்பிதழ், புகைப்படம் ஆகிய அனைத்திற்கும் பட்டியல் உண்டு, பொறுப்பாளர் உண்டு. மணமக்களின் உறக்கத்திற்கும் ஆகாரத்திற்கும் மனஅமைதிக்கும் பட்டியலும் இல்லை, பொறுப்பாளரும் இல்லை. கத்தரி வெயிலில் வீடுவீடாய் அழைப்பிதழ் கொடுத்து, இரவு ஒரு மணிவரை கணக்குப் பார்த்து, காலையில் வேலைக்கும் சென்று, திருமண நாளில் பட்டுப்புடவையின் பாரத்தோடு மயங்கி விழும் நிலையில் மணமகள் நிற்பதை நாம் எத்தனை முறை கண்டிருக்கிறோம்! "கல்யாணம் என்றால் அப்படித்தான்" என்று சொல்லி விசிறிவிட்டு நகர்ந்துவிடுகிறோம்.

திருமணத்திற்கு முன் தன்னைப் பேணுவது சுயநலம் என்று எண்ணுவோர் நம்மிடையே உண்டு. விசுவாசி தன்னை வெறுக்க வேண்டியவன் அல்லவா என்றும் கேட்கிறார்கள். அவர்களை உன்னதப்பாட்டின் முதலாம் அதிகாரத்திற்கு அழைக்கிறேன். அங்கே பேசுகிற பெண் தன்னைக் கறுப்பு என்றும் அழகு என்றும் ஒரே மூச்சில் சொல்லிக்கொள்கிறாள். வெயில் பட்டதால் வந்த நிறம் அது என்கிறாள். சகோதரர்கள் கோபங்கொண்டு அவளைத் திராட்சத்தோட்டங்களுக்குக் காவலாக வைத்தார்கள். பிறருடைய தோட்டங்களைக் காத்த அவள், தன் சொந்தத் தோட்டத்தைக் காக்கவில்லை என்று வருந்துகிறாள். வேதாகமத்தின் திருமணப் பாடல் இந்தச் சோர்விலிருந்துதான் தொடங்குகிறது என்பதைக் கவனியுங்கள். நம்முடைய பெண்பிள்ளைகளில் அநேகர் இந்த வார்த்தைகளைத் தங்கள் சொந்த வார்த்தைகளாகவே சொல்லக்கூடும்.

இந்த இடத்தில் சிலர் எஸ்தரை எடுத்துக்காட்டுவார்கள். ஆறுமாதம் வெள்ளைப்போளத் தைலமும், ஆறுமாதம் சுகந்தவர்க்கங்களுமாக அவள் ஆயத்தமானாள் என்பார்கள். அது உண்மையே. ஆனால் அது ஒரு பெர்சிய அரண்மனையின் சட்டம். ராஜாவின் கண்களுக்குப் பிரியமாவதற்காகப் பெண்கள் கூட்டிச்சேர்க்கப்பட்ட இடம் அது. அவர்களுடைய விருப்பத்தை அங்கே யாரும் கேட்கவில்லை. கிறிஸ்தவத் திருமணத்தில் இருவரும் சபையின் முன் தங்கள் வாயினாலேயே சம்மதம் சொல்கிறார்கள். ஆகவே திருமண ஆயத்தம் என்பது ஒருவரின் பார்வைக்குப் பொருளாய் மாறுவதற்கான ஆயத்தமாக இருத்தலாகாது. பெலத்தோடும் தெளிவோடும் சம்மதம் சொல்வதற்கான ஆயத்தமாகவே இருக்கவேண்டும்.

இதை நடைமுறையில் எப்படிச் செய்வது? நிச்சயதார்த்தம் முடிந்தவுடன், திருமணத்திற்கு மூன்று மாதமாவது இருக்கும்போதே தொடங்குங்கள். முதலாவது, இருவரும் மருத்துவரிடம் செல்லுங்கள். பெண்ணை மட்டும் அனுப்பாதீர்கள். இரத்த வகை, சர்க்கரை, இரத்த அழுத்தம், ஹீமோகுளோபின் ஆகியவற்றை இருவருமே பார்த்துக்கொள்வது நலம். 2019-21ஆம் ஆண்டுகளின் தேசிய குடும்பநல ஆய்வின்படி, தமிழ்நாட்டில் 15 முதல் 49 வயதுவரையுள்ள பெண்களில் 53 விழுக்காட்டினருக்கு இரத்தசோகை உண்டு. நம் சபையின் பெஞ்சுகளில் அமர்ந்திருக்கும் பெண்களும் அந்தக் கணக்கிற்குள் வருகிறவர்களே. களைப்பை நாம் சோம்பல் என்று கடிந்துகொள்கிறோம். பலவேளைகளில் அது இரும்புச்சத்தின் குறைவு. முருங்கைக்கீரையும் பேரீச்சம்பழமும் நல்லவை. ஆனால் சோகை இருக்குமாயின் மருத்துவர் தரும் மாத்திரையும் தேவை. விரைவில் குழந்தைப்பேறு விரும்புகிறவர்கள், கருத்தரிப்பதற்கு ஒரு மாதமாவது முன்பே நாளொன்றுக்கு 400 மைக்ரோகிராம் ஃபோலிக் அமிலம் எடுக்கத் தொடங்குவது, குழந்தையின் முதுகுத்தண்டைக் காக்கும். இதையும் மருத்துவரிடம் கேளுங்கள்.

இரண்டாவது, உடல் மெலிவதற்காகப் பட்டினி கிடக்காதீர்கள். உபவாசம் வேறு, பட்டினி வேறு. உபவாசம் தேவனை நோக்கியது. இந்தப் பட்டினி கண்ணாடியை நோக்கியது. திடீரென எடையைக் குறைப்பவர்களுக்கு இரண்டு மூன்று மாதங்கள் கழித்துத் தலைமுடி கொத்துக்கொத்தாய் உதிர்வதுண்டு. மூன்று மாதத்திற்கு முன் கிடந்த பட்டினியின் பலன், சரியாகத் திருமண வாரத்தில் சீப்பில் தெரியும். மூன்று வேளை ஆகாரம், நாள்தோறும் அரைமணி நேர நடை, போதிய தண்ணீர், ஏழு மணிநேர உறக்கம் ஆகியவை விலையில்லாதவை. ஆயினும் இவற்றை மிஞ்சும் அழகுசாதனம் இல்லை.

மூன்றாவது, நிறத்தை மாற்ற முயலாதீர்கள். இதைச் சற்றுக் கண்டிப்புடனே சொல்கிறேன். வெளுப்பாக்கும் க்ரீம்கள் சிலவற்றில் பாதரசம் கலந்திருப்பதையும், அது சிறுநீரகத்தைச் சேதப்படுத்துவதையும் உலக சுகாதார நிறுவனம் எச்சரித்துள்ளது. வேறு சிலவற்றில் ஸ்டீராய்டு உண்டு. சில வாரங்கள் பளபளப்பைக் காட்டி, பின்பு தோலை மெலியச்செய்து, பருக்களையும் சிவப்பையும் வரவழைக்கும். தலைச்சாயமோ புதிய க்ரீமோ பயன்படுத்துவதானால், சிறிதளவு தடவி 48 மணிநேரம் பொறுத்துப் பாருங்கள். திருமணத்திற்கு முந்தின நாளில் புதிதாக எதையும் முகத்தில் பூசாதீர்கள். "பெண் கொஞ்சம் நிறம் கம்மிதான்" என்று ஆலய வாசலில் நின்று சொல்லும் நாவுகளே, அந்த விஷத்தை வாங்கவைக்கின்றன என்பதை நாம் மறக்கலாகாது.

நான்காவது, வெளிப்படையாய்ப் பேசத் தயங்கும் ஒரு காரியம். மாதவிலக்கு திருமண நாளில் வந்துவிடுமோ என்ற பயத்தால், அதைத் தள்ளிப்போடும் மாத்திரையைக் கடையில் கேட்டு வாங்கி விழுங்குகிறவர்கள் உண்டு. இரத்தம் உறையும் கோளாறோ, கல்லீரல் நோயோ, ஒற்றைத் தலைவலியோ உள்ளவர்களுக்கு அது ஆபத்தாகலாம். உடல் வசதிக்காக வேண்டுமென்றால் மருத்துவரின் ஆலோசனையோடு எடுங்கள். ஆனால் தீட்டு என்ற பயத்திற்காக ஒருபோதும் எடுக்காதீர்கள். பன்னிரண்டு வருடம் பெரும்பாடுள்ள பெண் தம்மைத் தொட்டபோது, நம் ஆண்டவர் அவளை விலக்கவில்லை. மகளே என்று அழைத்தார். திருப்பீடத்தின் முன்பாக நிற்க, எந்த மணமகளையும் அவளுடைய சரீரம் தகுதியற்றவளாக்குவதில்லை.

மணமகன்களே, இவை உங்களுக்குப் புறம்பானவை என்று எண்ணவேண்டாம். கடன் சுமையை ஒருவரிடமும் சொல்லாமல் உறக்கமிழந்து கிடப்பதும், திருமணத்திற்கு முந்தின இரவு நண்பர்களுக்குக் கொடுக்கும் விருந்தில் மதுவுக்கு இடங்கொடுப்பதும் உங்கள் தோட்டத்தில் நுழையும் நரிகள். ஈசாக்கு சாயங்காலத்தில் தியானிக்க வெளியிலே போயிருந்த வேளையில்தான், ரெபெக்காளின் வருகையைக் கண்டான். நீங்களும் நாள்தோறும் கைபேசியை வைத்துவிட்டு, கால்மணி நேரமாவது தனித்து ஜெபியுங்கள். வாரம் ஒருமுறை நீங்கள் இருவரும் செலவு, வேலை, பெற்றோரின் பராமரிப்பு, குழந்தைப்பேறு ஆகியவற்றைக் குறித்து மனந்திறந்து பேசுங்கள். திருமண நாளின் காரியங்களைப் பேசுவதற்கு மற்றவர்கள் உண்டு. திருமணத்திற்குப் பின்வரும் வாழ்க்கையைப் பேச உங்களைத்தவிர வேறொருவரும் இல்லை.

பெற்றோருக்கும் சபையாருக்கும் ஒரு வார்த்தை. சோர்ந்துபோய்ச் சூரைச்செடியின் கீழ் படுத்து, சாவை வேண்டிய எலியாவுக்குத் தேவன் முதலில் பிரசங்கம் அனுப்பவில்லை. உறக்கமும் அடையும் தண்ணீரும் கொடுத்தார், அதுவும் இரண்டுமுறை. நியாயப்பிரமாணமோ, புதிதாய் விவாகம்பண்ணினவனை ஒரு வருடம் யுத்தத்திற்கும் அழைக்காமல், எந்த வேலையையும் அவன்மேல் சுமத்தாமல் விடும்படி கட்டளையிட்டது. பாரத்தைக் குறைப்பது சமூகத்தின் கடமை என்பதே இதன் பொருள். நேரில் வந்து அழைக்கவில்லை என்று வருத்தப்படும் வழக்கத்தை விட்டுவிடுங்கள். தொலைபேசியில் வரும் அழைப்பையும் அன்போடு ஏற்றுக்கொள்ளுங்கள். தன்னைப் பேண நேரமில்லாத பிள்ளையிடம் "உன்னைப் பேணிக்கொள்" என்று புத்திசொல்வது எளிது. அவள் கையிலிருக்கும் ஒரு வேலையை நாம் வாங்கிக்கொள்வதே மெய்யான உதவி.

வருகிற ஞாயிற்றுக்கிழமை ஓலை வாசிக்கப்படும்போது, அந்த இருவருடைய பெயரையும் உங்கள் குடும்ப ஜெபத்தில் எழுதிக்கொள்ளுங்கள். அந்த வாரத்தில் ஒருநாள் அவர்கள் வீட்டிற்கு இரவுச் சாப்பாட்டைக் கொடுத்தனுப்புங்கள். அல்லது அழைப்பிதழ் கொடுக்கும் ஒரு தெருவை நீங்கள் பொறுப்பேற்றுக்கொள்ளுங்கள். புடவையின் விலையைக் கேட்குமுன், நேற்று நன்றாய் உறங்கினாயா மகளே என்று கேளுங்கள்.

கானாவூர்க் கலியாணத்தில் குறைவை அறிந்து நிறைவாக்கிய ஆண்டவர், இந்நாட்களில் ஆயத்தமாகும் நம் பிள்ளைகளைச் சரீரத்திலும் ஆத்துமாவிலும் பெலப்படுத்திக் காப்பாராக. ஆமென்.