எரிவாயுவை எங்கே எரிப்பது?

நாட்டின் எரிசக்தியில் இயற்கை எரிவாயுவின் பங்கு இப்போது சுமார் 6 சதவீதம். 2030க்குள் அதை 15 சதவீதமாக உயர்த்துவது மத்திய அரசின் இலக்கு. அந்த இலக்கைக் கைவிட வேண்டும் என்கிறேன். ராமநாதபுரம் மாவட்டத்தில் ஒரு எரிவாயு மின் நிலையத்தில் ஷிப்ட் இன்ஜினியராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். எரிவாயுவின் அருமை தெரிந்தே இதைச் சொல்கிறேன்.

நிலக்கரி அலகு ஒன்று ஆறிப்போய்க் கிடந்தால் அதை மீண்டும் எழுப்பி மின்தொடரமைப்பில் இணைக்க அரை நாளுக்கு மேல் பிடிக்கும். எரிவாயு டர்பைன் அப்படியல்ல. லோடு டெஸ்பாட்ச் சென்டரிலிருந்து போன் வந்தால் அரை மணிக்குள் மின்சாரம் கொடுத்துவிடும். மாலையில் சூரியன் சாய்ந்ததும் சோலார் மின்சாரம் மொத்தமாக விழும். அதே நேரம் வீட்டுக்கு வீடு விளக்கும் ஃபேனும் ஏசியும் ஓடத் தொடங்கும். அந்த நான்கைந்து மணி நேரத்துக்கு டர்பைனைப் போலக் கைகொடுப்பவை நீர்மின் நிலையமும் பேட்டரியும்தான். பேட்டரி இப்போதுதான் வளர்கிறது. நீர்மின்சாரமோ அணையில் தண்ணீர் இருந்தால்தான்.

இப்படிப்பட்ட இயந்திரங்களை நாம் என்ன செய்தோம்? கிருஷ்ணா–கோதாவரிப் படுகையின் டி6 வயலில் 2009இல் உற்பத்தி தொடங்கி, அடுத்த ஆண்டே நாளொன்றுக்கு 6 கோடி கன மீட்டரைத் தொட்டது. அதை நம்பி ஆந்திரத்தில் மின் நிலையங்கள் கட்டினார்கள். வயல் ஏமாற்றிவிட்டது. 2013 மார்ச்சில் மின் நிலையங்களுக்கு அங்கிருந்து வந்த வாயு அடியோடு நின்றது. 2024இல் நாட்டில் சுமார் 25,000 மெகாவாட் எரிவாயு நிலையங்கள் இருந்தும், மொத்த மின்சாரத்தில் அவை தந்தது 2 சதவீதத்தை ஒட்டித்தான். வங்கிக் கடனில் கட்டிய இயந்திரங்கள் துருப்பிடித்து நிற்பதைப் பார்க்க, அவற்றோடு வாழ்ந்தவனுக்கு வயிறு எரிகிறது.

சரி, இறக்குமதி செய்யலாமே என்பார்கள். நமக்குத் தேவையான வாயுவில் ஏறக்குறைய பாதி ஏற்கெனவே கப்பலில்தான் வருகிறது, பெருமளவு கத்தாரிலிருந்து, ஹோர்முஸ் நீரிணை வழியாக. உடனடிச் சந்தையின் விலையோ கணிக்க முடியாதது. 2020 கொரோனா காலத்தில் ஆசியச் சந்தையில் 2 டாலருக்கும் கீழே போன அதே அளவு வாயு, உக்ரைன் போர் மூண்ட 2022இல் 70 டாலரைத் தாண்டியது. ஐரோப்பா பணத்தைக் கொட்டிக் கப்பல்களைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டது. அந்த ஜூலையில் பாகிஸ்தான் 10 கப்பல் சரக்குக்கு டெண்டர் விட்டது. விற்பதற்கு ஒருவரும் முன்வரவில்லை. 15 சதவீதம் என்ற கணக்கை நிரப்ப, நாமும் அந்த வரிசையில் இன்னும் முன்னே போய் நிற்க வேண்டுமா?

காவிரிப் படுகையில் இன்னும் தோண்டலாம் என்ற பேச்சும் அவ்வப்போது எழும். 2017இல் அதை எதிர்த்து நெடுவாசல் மக்கள் போராடினார்கள்; 2020இல் டெல்டாவைப் பாதுகாக்கப்பட்ட வேளாண் மண்டலமாக்கும் சட்டம் வந்தது. அந்தப் படுகையின் வாயுவை எரித்துத்தான் நான் சம்பளம் வாங்கினேன். ஆனாலும் வயல்களை மறுபடி தொடக் கூடாது என்பதே என் கருத்து.

ஆகவே, இருக்கிற வாயுவை எதற்குக் கொடுப்பது என்பதே கொள்கையாக வேண்டும். என்னைக் கேட்டால் முதல் பங்கு யூரியாவுக்கு. இன்றைய நிலையில் அம்மோனியாவுக்கான ஹைட்ரஜன் பெரும்பாலும் எரிவாயுவிலிருந்துதான் கிடைக்கிறது. நாட்டின் எரிவாயுவில் கிட்டத்தட்ட மூன்றில் ஒரு பங்கு உர ஆலைகளுக்குப் போகிறது. ராமநாதபுரத்திலிருந்து தூத்துக்குடிக்கு 143 கிலோமீட்டர் குழாய் 2021இல் திறக்கப்பட்டது. அதுவரை நாப்தாவில் ஓடிய ஸ்பிக் ஆலை எரிவாயுவுக்கு மாறியது. நெல்லுக்குப் போகும் வாயுவை யாரும் குறை சொல்ல முடியாது. இரண்டாவது பங்கு மாலை மின்சாரத்துக்கு.

காருக்கும் ஆட்டோவுக்கும்? அவற்றுக்கு மாற்று வந்துவிட்டது. உள்நாட்டில் கிடைக்கும் மலிவு வாயுவில் சி.என்.ஜி.க்கு முன்னுரிமை கொடுத்துவந்த அரசே, 2024 அக்டோபரிலும் நவம்பரிலும் அந்த ஒதுக்கீட்டைக் குறைத்தது. தட்டுப்பாட்டின் நெருக்கடியில் செய்ததைத் திட்டமிட்டே படிப்படியாகச் செய்திருக்கலாம்.

2024 கோடையில் மின்சாரச் சட்டத்தின் 11ஆவது பிரிவைக் கொண்டு, மே, ஜூன் மாதங்களுக்கு எரிவாயு நிலையங்களை இயக்க மத்திய அரசு உத்தரவிட்டது. நல்ல உத்தரவுதான். ஆனால் கோடை ஒவ்வோர் ஆண்டும் வருகிறது. அதற்கு அவசர உத்தரவு எதற்கு? கச்சா எண்ணெய்க்கு விசாகப்பட்டினத்திலும் மங்களூரிலும் பாடூரிலும் நிலத்தடிக் கிடங்கு வைத்திருக்கிறோம். எரிவாயுவுக்கு அப்படி ஒன்றுகூட இல்லை. முதல் கிடங்கைத் தோண்டத் தொடங்கட்டும். அது முடியும்வரை, அடுத்த கோடையின் மாலை நேரத்துக்கான வாயுவை நவம்பரிலேயே பேசி வாங்கட்டும். தயார் நிலையில் நிற்பதற்கென்றே எரிவாயு நிலையங்களுக்குக் கட்டணம் கொடுக்கட்டும். அது இல்லாவிட்டால் அவற்றை ஒவ்வொன்றாகப் பழைய இரும்புக்கு விற்றுவிடுவார்கள்.