சி.வி.யின் புத்தகம் நம் லயத்துக்கு வரவேண்டும்



சி.வி. வேலுப்பிள்ளையின் பெயர் நமது தலைவர்மாருக்குத் தெரியும். அவருடைய புத்தகத்தைக் கையில் எடுத்துப் பார்த்தவர்கள் எத்தனை பேர்? வெட்கத்தோடுதான் கேட்கிறோம். நமது காரியாலயத்து அலுமாரியிலும் அது இல்லை.

1914இல் மடக்கும்புர தோட்டத்தில் பிறந்தவர் சி.வி. 1947இல் தலவாக்கலையிலிருந்து பாராளுமன்றம் போனார். அடுத்த வருடமே பிரஜாவுரிமைச் சட்டம் வந்தது. அவருக்கு வாக்களித்தவர்களே நாடற்றவர்களானார்கள். அதன் பிறகும் 1984இல் கண்மூடும்வரை சங்க வேலையையும் எழுத்தையும் அவர் விடவில்லை.

ஆனால் அவருடைய பேர்போன கவிதைகள் ஆங்கிலத்தில் எழுதப்பட்டவை. கொழுந்தெடுக்கும் பெண்ணைப் பற்றிய கவிதை துரை பங்களாவில் வாசிக்கப்படலாம். அந்தப் பெண்ணுக்கு எட்டாது. சக்தீ பால ஐயா அதைத் தமிழாக்கினார். சி.வி.யும் தமிழில் நாவல்கள் எழுதினார், நம் ஆட்களின் பாடல்களைத் தேடித் தொகுத்தார்.

இதே சங்கடம் ஆபிரிக்காவில் இன்னொரு சங்கத்து ஆளுக்கும் வந்தது. செனகல் நாட்டின் உஸ்மான் செம்பேன், 1923இல் பிறந்தவர். பிரான்சில் மார்சேய் துறைமுகத்தில் மூட்டை தூக்கியபோது தொழிற்சங்கத்தில் சேர்ந்தார். 1947 ஒக்டோபரில் தொடங்கி 1948 மார்ச் வரை நடந்த ரயில்வே தொழிலாளரின் வேலைநிறுத்தத்தை நாவலாக்கினார். சம்பளமில்லாத அந்த மாதங்களில் வீட்டைக் காத்தவர்களும், தக்கார் நகருக்கு நடந்தே போனவர்களும் அந்த நாவலில் பெண்கள். நம் மாதர் தலைவிமாருக்கு இதை விளக்கத் தேவையில்லை.

பிரெஞ்சில் எழுதிய அதை ஊரில் பெரும்பாலானோரால் வாசிக்க முடியாது. அதனால் நாற்பது வயதை நெருங்கும்போது மொஸ்கோ போய் சினிமா படித்தார். 1968இல் 'மந்தாபி' என்ற படத்தைத் தம் மக்களின் வொலோஃப் மொழியில் எடுத்தார். பெயருக்கு மணியோடர் என்றே அர்த்தம். பாரிசில் தெருக்கூட்டும் மருமகன் அனுப்பிய மணியோடரை மாற்ற ஒருவர் தபால் கந்தோருக்குப் போகிறார். அடையாள அட்டை எங்கே என்கிறார்கள். அதற்குப் பிறப்பத்தாட்சிப் பத்திரம் வேண்டும். அதை எடுக்கப் போனால் பிறந்த திகதி கேட்கிறார்கள். கந்தோர் கந்தோராக அலைந்து, கடைசியில் பணத்தை வேறொருவன் ஏமாற்றிக்கொண்டு போய்விடுகிறான்.

இது செனகல் கதையா, நம் கதையா? அரை நாள் பேரை விட்டுவிட்டு தோட்டத்து ஒபீசுக்கும் கிராம சேவகரிடமும் நடந்த நம் அப்பாமாரைக் கேளுங்கள்.

செம்பேன் 2007இல் இறந்தார். அவருடைய படங்களை இன்றும் உலகம் பார்க்கிறது. நம் சி.வி.யை நாமே பார்க்கவில்லை.

கிளைத் தலைவர்மாரிடம் ஒன்று கேட்கிறோம். மாதாந்தக் கூட்டத்தில் சந்தாக் கணக்கு முடிந்ததும் 'வீடற்றவன்' நாவலில் பத்துப் பக்கம் சத்தமாக வாசியுங்கள். தோட்டத்தில் சங்கம் கட்டப் போய், இருந்த இடத்தையும் இழக்கும் தொழிலாளியின் கதை அது. எழுத்துத் தெரியாத ஆயாமாரையும் கூப்பிட்டு உட்காரவையுங்கள். கையில் போன் வைத்திருக்கும் பிள்ளைகள் அதிலொரு காட்சியை நடித்துப் படம் பிடிக்கட்டுமே. புத்தகம் கிடைக்காத கிளைகள் நமக்கு எழுதுங்கள். ஒரு பிரதி தேடி அனுப்புவது நம் பொறுப்பு.