திரையைப் பழிக்குமுன் எழுதுகோலை எடுங்கள்

கொல்லிமலையின் பழங்குடி மக்களுக்கு மலையாளிகள் என்று பெயர். மலைவாழ்நர் என்பதே பொருள். அவர்கள் பேசுவது தமிழ். காஞ்சியிலிருந்து வந்தோம் என்பது அவர்தம் மரபுரை. பெயரை மட்டும் கேட்ட வெளியூராரோ, "கேரளத்தவரா?" என்கின்றனர்.

தமிழ்த்திரை நம்மை அறிந்திருப்பதும் இவ்வளவே. தொப்பியும் தாடியும் வைத்து, "நம்பள், நிம்பள்" என்று பேசவிட்டால் முஸ்லிம் ஆகிவிடுவாராம்! காயல்பட்டினத்திலும் கீழக்கரையிலும் எந்த வீட்டில் இம்மொழி ஒலிக்கிறது? பிற்காலப் படங்கள் பல, அவர் கையில் துப்பாக்கியையும் கொடுத்தன.

மலையாளத்தின் முதல் பேசும்படமான 'பாலன்' 1938-இல் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரிப்பாக வந்தது. அதன் அதிபர் டி.ஆர்.சுந்தரம் 1961-இல் இயக்கிய 'கண்டம் பெச்ச கோட்டு' மலையாளத்தின் முதல் வண்ணப்படம். கொல்லிமலையும் அன்று சேலம் மாவட்டமே. ஹஜ்ஜுக்கென ஒட்டுப்போட்ட கோட்டில் பணம் சேர்க்கும் ஏழையொருவர், ஒரு பெண்ணின் மணத்திற்காக அதை ஈந்துவிடும் கதை அது. முழுக்க முழுக்க மலபார் முஸ்லிம்களின் வாழ்வு!

தமிழர் நடத்திய நிறுவனத்தில் மாப்பிள்ளைமாரின் கதை படமாயிற்று. நம் கதை ஆகவில்லை. ஏன்? அங்கே எழுத ஆளிருந்தது. முகம்மது யூசுபின் நாடகத்தைத் திரைக்கென எழுதியவர் கே.டி.முகம்மது. வைக்கம் முகம்மது பஷீரின் 'மதிலுகள்' 1990-இல் அடூர் கோபாலகிருஷ்ணனின் படமாயிற்று. 2018-இல் 'சூடானி ஃப்ரம் நைஜீரியா' மலப்புரத்துக் கால்பந்துத் திடலையும் தாய்மாரின் பரிவையும் காட்டியது. மலையாளத்திரை மாசற்றதன்று, ஆயினும் தன் மண்ணின் மனிதரை அது உற்று நோக்கியிருக்கிறது.

"சினிமாவே ஆகாது, நமக்கென்ன?" என்போர் உளர். அவர்தம் பேணுதலை மதிக்கிறேன். திரையரங்கிற்குச் செல்லுங்கள் என்று நான் சொல்லவில்லை. ஆனால் திரை நம் கூடத்திற்கே வந்துவிட்டதே! அண்டை வீட்டுப் பிள்ளை நம்மை அதில் கண்டுதானே அறிகிறான்? அவதூறு வந்தபின் கண்டனக் கூட்டம் போடுகிறோம், நியாயமே. அதற்குமுன் நம் வாழ்வை நாமே எழுதினோமா? எழுதியவரைத்தான் படித்தோமா? தேங்காய்ப்பட்டணத்துத் தோப்பில் முஹம்மது மீரானுக்கு 1997-இல் சாகித்திய அகாதெமி விருது கிடைத்தது. அவர் நூல் நம் இல்லங்கள் எத்தனையில் உள்ளது? "சமுதாயக் குறையை வெளியே சொல்லலாமா?" என்று எழுத்தாளரை அதட்டும் நாம், பிறர் பொய் சொல்கையில் யாரை நோவது?

ஜமாஅத்துப் பெரியோர்களே! கண்டனச் சுவரொட்டிக்கு ஆகும் செலவில் ஒரு பகுதியை ஊர் நூலகத்திற்குத் தாருங்கள். கதை எழுதும் பிள்ளையை வையாதீர்கள். பாட்டியரிடம் அமர்த்திக் கேட்கச் செய்யுங்கள். நாம் எழுதாதவரை "நம்பள், நிம்பள்" ஓயாது.