இடது விலாவுக்குக் கீழே ஒரு கட்டி



"சோகையா? முருங்கைக் கீரை கொடுங்கள், பேரீச்சம்பழம் கொடுங்கள், இரும்புச் சத்து டானிக் கொடுங்கள்" என்று இந்தப் பக்கத்தில் எத்தனையோ முறை எழுதியிருக்கிறேன். அந்த யோசனையே என் சொந்த வீட்டில் என்னைத் தலைகுனிய வைத்தது. அந்தக் கதையைத்தான் இந்த முறை சொல்லப் போகிறேன்.

என் புகுந்த வீடு ஜெகதாப்பட்டினம். என் நாத்தனார் மகளைத்தான் என் கொழுந்தனுக்குக் கட்டியிருக்கிறோம். சொந்தத் தாய்மாமன். அதனால் எனக்கு ஓர்ப்படி ஆன பிறகும் பழைய பழக்கத்தில் "அயித்தை" என்றுதான் என்னைக் கூப்பிடுவாள். அவளுடைய ஒன்றரை வயதுப் பையன் வெளிறிப்போய் இருக்கிறான் என்று போனில் சொன்னாள். பார்க்காமலே, "டானிக் வாங்கிக் கொடு, சரியாயிடும்" என்று சொல்லிவிட்டேன். மூன்று மாதம் கொடுத்திருக்கிறாள்.

மீன்பிடித் தடைக்காலத்தில் ஊருக்குப் போனேன். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகுகள் கரையில்தான் நிற்கும். வீட்டில் எல்லாரும் இருந்தார்கள். குழந்தையைத் தூக்கியதும் பகீரென்றது. உதடு வெள்ளைத்தாள், கண்ணில் மஞ்சள், கை கால் குச்சி, வயிறு மட்டும் பானை. இடது விலாவுக்குக் கீழே கெட்டியாக ஏதோ தட்டுப்பட்டது.

"வயித்துக் கட்டி தாயி. கீழாநெல்லி அரைச்சுக் குடுத்தும் மஞ்சள் போகலை. வெள்ளிக்கிழமை சூடு போட்டுட்டா கரைஞ்சிரும். உன் வீட்டுக்காரனுக்கும் போட்டுத்தான் பொழைச்சான்" என்றார் மாமியார்.

உண்மைதான். என் கணவர் வயிற்றில் அந்தத் தழும்பு இன்னும் இருக்கிறது. அவருக்கு அந்த வயதில் வந்தது மலேரியாவாக இருந்திருக்கலாம். காய்ச்சல் போனதும் கட்டியும் தானே சுருங்கியிருக்கும். பேர் சூட்டுக்கோலுக்கு!

"வெள்ளிக்கிழமை வரைக்கும் பொறுக்க வேண்டாம் அத்தை, நாளைக்கே ஆஸ்பத்திரிக்குப் போவோம்" என்றேன். மாமியார் முகத்தைத் திருப்பிக்கொண்டார். கொழுந்தன்தான், "மதினி சொல்றதும் சரிதான் ஆத்தா" என்று துணைக்கு வந்தார். புதுக்கோட்டைக்குப் பஸ் ஏறினோம்.

குழந்தை டாக்டரம்மா வயிற்றை மெதுவாகத் தொட்டுப் பார்த்துவிட்டு, "இது கட்டி இல்லை, மண்ணீரல். நாலு விரற்கடை இறங்கியிருக்கு. யாராவது எண்ணெய் போட்டு உருவி விட்டீங்களா? இனிமேல் செய்யாதீங்க. வீங்கின மண்ணீரல் அடிபட்டா உள்ளேயே கிழிஞ்சிடும்" என்றார்.

மண்ணீரல் என்பது இடது பக்கம் விலா எலும்புக்குள் ஒளிந்திருக்கும் உறுப்பு. பெரியவர்களுக்கே கைமுட்டி அளவுதான், சுமார் 150 கிராம் எடை. சாதாரணமாகக் கைக்குத் தட்டுப்படாது. நம் சிவப்பணுக்களின் ஆயுள் ஏறக்குறைய 120 நாள். வயதான அணுக்களைச் சலித்து எடுப்பது இதன் வேலை. நோய்க்கிருமியை எதிர்ப்பதிலும் பங்கு உண்டு.

இது பெருக்கக் காரணங்கள் பல. மலேரியா, டைபாய்டு போன்ற காய்ச்சல்கள் ஒன்று. இன்னொன்று கல்லீரல். மண்ணீரலிலிருந்து ரத்தம் கல்லீரல் வழியாகத்தான் போகிறது. கல்லீரல் சுருங்கிக் கெட்டித்தாலோ, வழியிலுள்ள ரத்தக்குழாய் அடைத்தாலோ, வாய்க்கால் அடைத்தால் தண்ணீர் பின்னால் தேங்குகிற மாதிரி மண்ணீரலில் ரத்தம் தேங்கும். பிறந்த குழந்தையின் தொப்புளில் சீழ் பிடிப்பதும் அந்த அடைப்புக்கு ஒரு காரணம் ஆகலாம். தொப்புள்கொடியில் சாம்பல், எண்ணெய் எதையும் வைக்காதீர்கள். மூன்றாவது, ரத்த அணுவே கோளாறாகப் பிறப்பது. புற்றுநோய் வகைகளும் உண்டு. அதனால் வீங்கிய மண்ணீரல் தனி நோயல்ல, வேறு ஒரு நோயின் அடையாளம்.

எங்கள் குழந்தைக்கு ஹீமோகுளோபின் 5தான் இருந்தது. அந்த வயதுக்கு அது மிகவும் குறைவு. ஹீமோகுளோபினை வகை பிரித்துப் பார்க்கும் சோதனையில் விடை கிடைத்தது: தலசீமியா. 1925ல் அமெரிக்காவில் தாமஸ் கூலி என்ற டாக்டர் இதை விவரித்தார். கிரேக்க மொழியில் 'தலசா' என்றால் கடல். மத்திய தரைக்கடல் ஓரத்து மக்களிடம் அதிகம் கண்டதால் அந்தப் பெயர். ஆனால் கடற்கரைக்காரர்களுக்கு மட்டும் வருவதல்ல, இந்தியா முழுவதும் இருக்கிறது.

இதில் சிவப்பணு சரியாக உருவாவதில்லை, சீக்கிரமே உடைந்தும் போகிறது. மண்ணீரல் ஓய்வில்லாமல் உழைத்துப் பெருக்கிறது. கண் மஞ்சளும் அணு உடைவதால் வந்தது, கல்லீரல் கெட்டதால் அல்ல. கீழாநெல்லி எப்படிக் கேட்கும்? 1988ல் சென்னைப் பல்கலைக்கழகத்தின் எஸ்.பி. தியாகராஜன் குழுவினர், ஹெபடைட்டிஸ் பி கிருமிக்குக் கீழாநெல்லி பலன் தருவதாக 'லான்செட்' இதழில் எழுதினார்கள். பிற்பாடு மற்றவர்கள் செய்த சோதனைகளில் அந்தப் பலன் உறுதிப்படவில்லை. அந்தக் கிருமிக்குத் தடுப்பூசிதான் காவல். பிறந்த 24 மணி நேரத்துக்குள் முதல் ஊசி போட்டார்களா என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

டானிக் விஷயத்தைத் தயங்கித் தயங்கிச் சொன்னேன். டாக்டரம்மா திட்டவில்லை. "இந்தக் குழந்தைக்கு இரும்பு குறைச்சல் இல்லை. இனி ஏத்தப் போற ஒவ்வொரு பாட்டில் ரத்தத்திலேயும் சுமார் 200 மில்லிகிராம் இரும்பு சேரும். அதை வெளியேத்த உடம்புக்கு வழி கிடையாது. கல்லீரல்லேயும் இருதயத்திலேயும் படியும். அதைக் குறைக்கவே தனி மாத்திரை கொடுப்போம்" என்றார். அன்று ராத்திரி எனக்குத் தூக்கமில்லை. இனி ரத்தம் பார்க்காமல் யாருக்கும் டானிக் சொல்ல மாட்டேன்.

இப்போது மூன்று நாலு வாரத்துக்கு ஒரு முறை ரத்தம் ஏற்றுகிறார்கள். அரசு ரத்த வங்கியில் தலசீமியாக் குழந்தைகளுக்குக் கட்டணமில்லை. மண்ணீரல் சுருங்கி வருகிறது. முற்றாகக் குணமாக்க எலும்பு மஜ்ஜை மாற்றுச் சிகிச்சை உண்டு. வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரியில் 1986லிருந்தே செய்கிறார்கள். செலவும் ஏற்பாடும் பெரிது. பொருந்தும் மஜ்ஜை கிடைக்க வேண்டும்.

வீட்டில் எல்லாருக்கும் ரத்தம் பார்த்தார்கள். அம்மா, அப்பா இருவரும் இந்தக் குறையைச் சுமப்பவர்கள். சுமப்பவருக்கு நோய் கிடையாது, லேசான சோகை இருக்கலாம், அவ்வளவுதான். ஆனால் சுமப்பவர் இருவர் சேர்ந்தால், ஒவ்வொரு பிரசவத்திலும் நாலில் ஒரு பங்கு நோய்க் குழந்தை பிறக்க வாய்ப்பு. மாமியாருக்கும் இருந்தது. அவரிடமிருந்து மகளுக்கும் இளைய மகனுக்கும் போய், பேத்தியைக் கட்டியதில் இரண்டும் ஒன்று சேர்ந்துவிட்டது.

"எங்கிட்டேயிருந்தா வந்துச்சு?" என்று மாமியார் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுதார். "உங்களுக்கும் யாரோ கொடுத்ததுதானே பாட்டி. இதிலே குத்தம் யாருக்கும் இல்லை" என்றார் டாக்டரம்மா.

கதை இங்கே முடியவில்லை. நாத்தனாரின் சின்ன மகளுக்கு, மாமியாரின் தம்பியுடைய மகள் வயிற்றுப் பேரனைப் பேசி வைத்திருந்தோம். "கலியாணத்துக்கு முன்னே ரத்தம் பாக்கிறதா? ஊர் சிரிக்கும்" என்றார் நாத்தனார். அதட்டியது யார் தெரியுமா? மாமியாரேதான்! "சாதகம் பாக்க நாலு பேருகிட்டப் போனீக. இதுக்கு என்ன வெக்கம்? கூட்டிட்டுப் போங்கடி!"

பெண்ணுக்கு இருந்தது. பையனுக்கு இல்லை. "அப்ப கலியாணத்தை நிறுத்தணுமா?" என்றார் மாமியார் கலங்கிப்போய். வேண்டியதில்லை. ஒருவரிடம் மட்டும் இருந்தால் குழந்தைக்கு நோய் வராது. ஆவணியில் கல்யாணம் நடந்தது.

சைப்ரஸ் தீவில் திருமணத்துக்கு முன் இந்தச் சோதனையை 1970களிலிருந்து வழக்கமாக்கி, நோயோடு பிறக்கும் குழந்தைகளை அநேகமாக இல்லாமலே செய்துவிட்டார்கள். நமக்கு ஏன் முடியாது? கல்யாணத்துக்கு முன் விட்டுப்போனால், கர்ப்பம் தெரிந்ததும் முதல் மூன்று மாதத்துக்குள் டாக்டரிடம் இந்தச் சோதனையைக் கேளுங்கள்.

குழந்தை வெளிறி, வயிறு உப்பி, கண் மஞ்சளானால் காத்திருக்க வேண்டாம். ரத்த வாந்தி, கறுப்பு மலம் என்றால் அந்த நிமிடமே ஓடுங்கள். சூடும் வேண்டாம், உருவுவதும் வேண்டாம்.

பையனுக்கு இப்போது இரண்டு வயது. போனில் "அப்பத்தா" என்று கூப்பிடுகிறான். பின்னால் மாமியார் குரல்: "மருந்து குடுத்தாச்சு, நீ கவலைப்படாதே தாயி!"