கல்யாண நோட்டில் ஒரு கட்டம்



கரிசல் காட்டில் உளுந்தும் பாசியும் காய் பிடிக்கிற பருவம் இது. புரட்டாசியில் விதைத்தது தை, மாசியில் வீடு வந்து சேர்ந்தால்தான் பாஞ்சாலங்குறிச்சி, ஓட்டப்பிடாரம், எட்டயபுரம் பக்கத்து வீடுகளில் காசு புரளும். மார்கழி கழிந்ததும் முகூர்த்தங்கள் வரிசை கட்டும். அதனால் இந்தப் பக்கத்தில் கல்யாணமும் மானாவாரி வெள்ளாமைதான். வானத்தைப் பார்த்துத்தான் நாள் குறிக்கிறோம். அறுப்பு நேரத்தில் மழை பிடித்துப் பாசி செடியிலேயே முளைத்துவிட்டால், மண்டபத்துக்கு முன்பணம் கொடுத்த தகப்பனுக்கு ராத்திரி முழுக்கத் தூக்கமில்லை.

தீப்பெட்டி ஆபீஸ் கூலியில் சீட்டுக் கட்டி மகளுக்கு நகை சேர்க்கும் கோவில்பட்டித் தாய்க்குப் பவுன் விலை ஏறும்போதெல்லாம் நெஞ்சு படபடக்கிறது. மணப்பெண்ணுக்குச் சோறு இறங்கவில்லை. போன் அடித்தாலே திடுக்கிடுகிறாள். “கல்யாண வீடுன்னா அப்படித்தான்” என்று நாம் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறோம். அப்படி நகர்ந்துவிட வேண்டாம் என்று கேட்டுக்கொள்ளவே இந்த மாதம் எழுதுகிறேன்.

ஒரு தலைமுறைக்கு முன்பு இங்கே கல்யாண வேலை இன்றைவிட எத்தனையோ மடங்கு அதிகம். நெல் அவிக்கணும், வத்தல் இடிக்கணும், பந்தலுக்குக் கம்பு வெட்டணும், ஊர் ஊராகப் போய் வெற்றிலை பாக்கு வைத்து அழைக்கணும். இன்று காண்டிராக்ட்காரர் பந்தி பரிமாறி இலையும் எடுத்துவிடுகிறார். வேலை குறைந்துவிட்டது, ஆனால் பதற்றம் கூடியிருக்கிறது. காரணம் கண்முன்னே இருக்கிறது. கூலிக்கு வருகிறவர்கள் வேலையை வாங்கிக்கொள்வார்கள், கவலையை வாங்கிக்கொள்ள மாட்டார்கள். அன்று நாற்பது பேர் மனசில் கொஞ்சம் கொஞ்சமாக இருந்த கவலை, இன்று அப்பா, அம்மா, பெண் என்று மூன்று பேர் தலையில் மொத்தமாக இறங்கியிருக்கிறது. அந்தப் பழைய ஏற்பாட்டில் சாதிக் கட்டுப்பாடும் கூலியில்லாத ஊழியமும் கலந்திருந்தன. அவை ஒருநாளும் திரும்ப வேண்டாம். உறவும் நட்பும் மனமுவந்து கை கொடுத்ததே, அது மட்டும் திரும்பட்டும்.

பல கைகள் சேர்ந்தால் என்ன நடக்கும் என்பதற்கு நம் பாஞ்சாலங்குறிச்சி மண்ணே சாட்சி. 1799 அக்டோபர் 16 அன்று கயத்தாற்றில் கட்டபொம்மனைத் தூக்கிலிட்ட கிழக்கிந்தியக் கும்பெனியார், அவரது பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையையும் இடித்துத் தள்ளினார்கள். 1801 பிப்ரவரியில் அவர் தம்பி ஊமைத்துரை பாளையங்கோட்டைச் சிறையிலிருந்து தப்பி வந்தார். சில நாட்களுக்குள் அதே இடத்தில் கோட்டை மறுபடி எழுந்து நின்றது. விரட்டிக்கொண்டு வந்த கும்பெனிப் படை அதைக் கண்டு மலைத்தது. தனி ஒருவரால் ஆகிற காரியமா அது? ஊர்ச்சனம் கூடி மண் சுமந்ததால் ஆனது.

எல்லாக் கல்யாண வீட்டிலும் ஓரத்தில் மஞ்சள் தடவிய நோட்டு ஒன்று உண்டு. பலசரக்கு, பூ, மேளம், ஜவுளி, வேன் என்று வரிசையாக எழுதி, எதிரே தொகை போட்டிருப்பார்கள். அந்தத் தொகைக்குப் பக்கத்தில் இன்னொரு கட்டம் போடுங்கள்: “யார் பொறுப்பு?” ஒவ்வொரு வரிக்கும் ஒரு பெயர் எழுதுங்கள். ஜவுளி சித்திக்கு, வேன் மச்சானுக்கு, மொய் நோட்டு பெரியப்பா மகனுக்கு. அந்த வரியைப் பற்றிய கேள்விகள் எல்லாம் இனி அவருக்கே போகட்டும். மணப்பெண்ணின் பெயர் அதில் இரண்டு மூன்று வரிகளுக்கு மேல் வர வேண்டாம். “என்ன ஆகுமோ” என்ற நினைப்பு நள்ளிரவில் எழும்போது அதற்குப் பதில் இருக்காது. பெயர் எழுதிய வரிக்குப் பதில் இருக்கும்.

அடுத்தது கடன். வீட்டுப் பதற்றத்தில் பெரும்பங்கு இங்கேதான் பிறக்கிறது. நாலு பேர் என்ன சொல்வார்களோ என்று கந்துவட்டிக்கு வாங்கிப் போடும் பந்தியைச் சாப்பிட்டவர்கள் மறந்துவிடுவார்கள், வட்டி மறக்காது. கொடுமையான வட்டி வாங்குவதைத் தடுக்கத் தமிழ்நாட்டில் 2003 முதல் சட்டம் இருக்கிறது. வரதட்சணை கேட்பதும் கொடுப்பதும் 1961 முதலே குற்றம். கல்யாணம் செல்லுபடியாக எவ்வளவு குறைவாகத் தேவை என்பதையும் நினைத்துப் பாருங்கள். அண்ணா ஆட்சியில் 1967இல் நிறைவேறி, 1968 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த சுயமரியாதைத் திருமணச் சட்டத்தின்படி, உற்றார் நண்பர் முன்னிலையில் ஒருவரை ஒருவர் துணையாக ஏற்பதாகச் சொன்னாலோ, மாலை மாற்றினாலோ மோதிரம் அணிவித்தாலோ தாலி கட்டினாலோ போதும். பிறகு 90 நாட்களுக்குள் பதிவு செய்துவிட வேண்டும். மற்றதெல்லாம் நம் ஆசைக்கு. ஆசை தப்பில்லை. ஆனால் சுமை அழுத்தும்போது, கூட்டியதைக் குறைக்கிற உரிமையும் நமக்கு உண்டு.

இன்னொரு பயம் நோட்டில் எழுதக்கூடியது அல்ல. “இவரோடு என் வாழ்க்கை ஒத்துவருமா?” என்று பெண்ணின் மனசுக்குள் ஓடுகிற கேள்வி அது, பையன்களுக்கும் உண்டு, வெளியே சொல்ல மாட்டார்கள். அவள் பேசாமல் உட்கார்ந்திருந்தால் வெட்கம் என்கிறோம், அழுதால் பிறந்த வீட்டைப் பிரிகிற துக்கம் என்கிறோம். அம்மாவோ அத்தையோ கதவைச் சாத்திக்கொண்டு, “உனக்குச் சம்மதம்தானா தாயி? வேண்டாம்னாலும் சொல்லு, நான் பார்த்துக்கிடுதேன்” என்று ஒருமுறை கேட்டுவிடுங்கள். சம்மதம் என்று வந்தால் அவள் பாதிப் பாரம் இறங்கிவிடும். வேண்டாம் என்று வந்தால் அதைக் கேட்டே ஆக வேண்டும். பத்திரிகை அடித்தாகிவிட்டது என்பது ஒரு பெண்ணின் ஆயுசுக்குச் சமமான காரணம் ஆகாது.

உடம்பு சொல்வதையும் கவனியுங்கள். படபடப்பு வரும்போது மூச்சை இழுப்பதைவிட மெதுவாக, நீளமாக வெளியே விட்டால் உடம்பு சற்று அடங்கும். வேளைக்குச் சாப்பாடும் ராத்திரித் தூக்கமும் ஜவுளி எடுப்பதைவிட அவசரமானவை. வாரக்கணக்கில் தூக்கமில்லை, எதிலும் மனம் ஒட்டவில்லை, அல்லது சாகணும்போல இருக்கிறது என்று ஒரு வார்த்தை வந்தாலும், திருஷ்டி கழித்துவிட்டுச் சும்மா இருந்துவிடாதீர்கள். 14416 என்ற எண்ணுக்குப் போன் செய்யுங்கள். 2022 அக்டோபரில் தொடங்கிய டெலி மானஸ் சேவை அது. பகலும் இரவும் தமிழில் பேசலாம், கட்டணமில்லை. தூத்துக்குடி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனையில் மனநல மருத்துவர்கள் இருக்கிறார்கள். அங்கே போவது எந்தக் குடும்பத்துக்கும் தலைக்குனிவு இல்லை.

கடைசியாக, பத்திரிகை வாங்கப்போகிற நம் எல்லோருக்கும் ஒரு விண்ணப்பம். “ஏதாவது வேணும்னா சொல்லுங்க” என்று விடைபெறாதீர்கள். பதற்றத்தில் இருப்பவர்களுக்கு வாய்விட்டுக் கேட்கத் தெரியாது. “இலையும் தண்ணியும் என் பொறுப்பு, அதைப் பத்தி இனிமே நீங்க நினைக்க வேண்டாம்” என்று சொல்லுங்கள். சொன்னபடி செய்யுங்கள். நீங்கள் எழுதுகிற மொய்யைவிடப் பெரியது அது.

அன்புடன்,
ஆசிரியர்