பூலேயின் இருட்டு எங்கே?

லாஸ் வேகாஸில் 2023-ல் திறந்த 'ஸ்பியர்' அரங்கம் பற்றிப் பேச்சு வந்தால் போதும், "இது பூலேயோட கனவுப்பா, அன்னிக்கு வரைஞ்சார், இன்னிக்கு கட்டிட்டாங்க" என்று யாராவது ஆரம்பித்துவிடுகிறார்கள். இரண்டும் உருண்டை. சரி, அதைத் தவிர?

எத்தியென்-லூயி பூலே என்ற பிரெஞ்சுக்காரர் 1784-ல் நியூட்டனுக்காக ஒரு நினைவுக்கூடம் வரைந்தார். சுமார் 150 மீட்டர் உயர உருண்டை. பகலில் வெளியே வெயில் கொளுத்தும்; உள்ளே போனால் ராத்திரி. மேலே போட்ட சின்னச் சின்னத் துளைகள் வழியே கசியும் வெளிச்சம்தான் நட்சத்திரங்கள். ராத்திரியில் அப்படியே தலைகீழ். நடுவில் தொங்கும் விளக்கு சூரியன் மாதிரி எரிய, உள்ளே பகல். கீழே ஒரு காலிக் கல்லறை, அவ்வளவுதான். (மின்சாரம் இல்லாத காலத்தில் அந்த விளக்கை எதை ஊற்றி எரித்திருப்பார் என்று கேட்காதீர்கள். கட்டவே இல்லையே!)

ஸ்பியருக்குச் செலவு சுமார் 230 கோடி டாலர். வெளியே எல்.இ.டி., அதில் விளம்பரம். உள்ளே ராட்சசத் திரை. இருட்டு என்பது அங்கே ஒரு காட்சிக்கும் அடுத்ததற்கும் நடுவில் வரும் இடைவெளி.

நான் பி.காம். படிக்கிறவன், காசு பண்ணுவதைக் குறை சொல்லவில்லை. போட்ட பணத்தை எடுக்கத்தான் வேண்டும். இருட்டு வாடகை தராது. ஆனால் பூலேயின் துளைகள் நட்சத்திரமாவதே சுற்றிலும் இருட்டு இருப்பதால்தான். அந்தப் பாதியைக் கழித்துவிட்டு மீதியை அவர் பெயரில் வரவு வைப்பது பொய்க்கணக்கு. உருண்டையான விளம்பரப் பலகை என்று சொல்லுங்கள், சண்டைக்கு வரமாட்டேன்.